கெடாநிழல் மரம்: அழுகலைத் தள்ளிப்போடும் தாவரத்துக்கு விதிகள் எழுதுகிறேன், ஓட்டை இருந்தால் சொல்லுங்கள்

#1 வேரடி

என் கற்பனை உலகின் நடுவில் ஒரு மரம் நிற்கிறது. அங்குள்ளவர்கள் அதைக் கெடாநிழல் என்கிறார்கள். வரைபடம், அரச வம்சம் எல்லாம் அப்புறம். முதலில் இந்த மரம் தர்க்கத்துக்கு நிற்குமா என்று பார்க்கவேண்டும். இப்போதைக்கு விதிகள் இவை:

அதன் கிளைப்பரப்புக்குக் கீழே செத்த எதுவும் அழுகாது. உதிர்ந்த இலை, விழுந்த குருவி, வெட்டிப்போட்ட கட்டை, புதைத்த பிணம், எதுவும். உயிரோடு இருப்பவை வழக்கம்போல் மூப்படையும். கல்லுக்கும் இரும்புக்கும் மரத்தோடு சம்பந்தமில்லை, இரும்பு துருப்பிடிக்கும்.

அழுகல் காணாமல் போய்விடுவதில்லை. மரம் அதைத் தன் நடுத்தண்டுக்குள் வாங்கி வைத்துக்கொள்கிறது. உள்ளே கறுத்துக்கொண்டே வரும், வெளியே தெரியாது.

வாழ்நாளில் ஒரே முறை பூக்கும். அந்தப் பூவுக்குக் கெடுபூ என்று பெயர். பூத்த இரவே, அதுவரை தள்ளிப்போட்ட அழுகல் முழுவதும் திரும்பி வரும். முந்நூறு ஆண்டுக்கு முன் புதைத்தவன் விடிவதற்குள் முந்நூறு ஆண்டுப் பிணமாகிவிடுவான். மரமும் சாகும்.

"மந்திரம்தானே, எப்படி வேண்டுமானாலும் இருக்கட்டும்" என்ற பதில் மட்டும் வேண்டாம். மந்திரம் இந்த ஓரிடத்தில்தான். மற்றதெல்லாம் நாம் அறிந்த தாவரங்களைப் போலவே நடக்கவேண்டும்.

#2 அரைத்தூக்கம்

மந்திரம்தானே, எப்படி வேண்டுமானாலும் இருக்கட்டும்.

(கை சும்மா இருக்கவில்லை, மன்னிக்கவும்.)

#3 கரையான்

என் பெயருக்கு ஏற்ற கேள்வி: உங்கள் மரம் எதைத் தின்னும்?

மரம் வேலை மெனக்கெட்டு ஓர் இலையைச் செய்கிறது. அதை உதிர்ப்பதற்கு முன் அதிலிருக்கும் நைட்ரஜனிலும் பாஸ்பரஸிலும் ஏறத்தாழப் பாதியைத் திரும்ப உறிஞ்சிக்கொள்கிறது. மீதி கீழே விழுகிறது. பூஞ்சையும் பாக்டீரியாவும் அதைச் சிதைத்து மண்ணில் சேர்த்தால்தான் வேர் மறுபடி எடுக்க முடியும். உங்கள் மரத்தடியில் சிதைவே கிடையாது. ஆகவே ஆண்டுதோறும் பாதிச் சத்து இலையிலேயே பூட்டிக்கொண்டு கிடக்கும். இலைக்குவியல் ஆள் உயரத்துக்கு ஏறும். வேருக்குக் காற்றும் போகாது. இருப்பதிலேயே வளமில்லாத மண் உங்கள் புனித மரத்தின் காலடி மண்ணாகத்தான் இருக்கும்.

இது வெறும் ஊகமில்லை. அணு உலை வெடித்த செர்னோபில்லைச் சுற்றிக் கதிர்வீச்சு அதிகமுள்ள இடங்களில் உதிர்ந்த இலை மக்குவது மந்தமாகி, இலைப்படுகை தடித்துவிட்டது என்று 2014-இல் ஓர் ஆய்வு வந்தது. சிதைப்பவர்கள் சுணங்கினால் காட்டில் முதலில் தெரிவது குப்பைதான்.

நிலக்கரி இன்னொரு உதாரணம். சுமார் 36 முதல் 30 கோடி ஆண்டுகளுக்கு முன்பு செத்த மரங்கள் மக்காமல் புதைந்தன. கட்டைக்கு உறுதி தரும் லிக்னின் என்ற பொருளை உடைக்கும் வெண்ணழுகல் பூஞ்சைகள் அப்போது இன்னும் தோன்றவில்லை என்பது பிரபலமான விளக்கம். அதை ஏற்காதவர்களும் உண்டு. அக்காலச் சதுப்பு நிலங்களும் நிலத்தட்டுகள் நகர்ந்த விதமுமே போதுமான காரணம் என்பார்கள். எது சரியானாலும், மக்காத கட்டை எத்தனை குவியும் என்பதற்கு அந்தக் கரிப்படுகைகளே அளவு.

#4 வேரடி

வேரை நிழலுக்கு வெளியே அனுப்பிவிடலாமே? பெரிய மரங்களின் வேர் கிளைப்பரப்பைத் தாண்டிப் போவது சகஜம்.

#5 கரையான்

போகலாம், தடையில்லை. ஆனால் அப்போது உங்கள் மரம் ஒரு கொள்ளைக்காரன். சுற்றிலும் இருக்கும் காட்டின் மக்கிய சத்தை வெளி வேரால் இழுத்து, இலையாக்கித் தன் நிழலில் போட்டுப் பூட்டிவிடும். வெளியே நிலம் வறண்டுகொண்டே போகும், உள்ளே குவிந்துகொண்டே போகும். எனக்கு இது பிடித்திருக்கிறது. கருணை மரம் என்று ஊரே கும்பிடும் மரத்தைச் சுற்றி ஒரு வளையம் தரிசு.

#6 மூங்கிலரிசி

அந்தத் தரிசு வளையம் பிரமாதம், வேரடி. விட்டுவிடாதீங்க.

எனக்குப் பூப்பதில்தான் ஆர்வம். எப்போது பூக்கணும்னு மரத்துக்கு எப்படித் தெரியும்? மெலோகன்னா மூங்கில் ஏறத்தாழ 48 ஆண்டுக்கு ஒருமுறை கூட்டமாகப் பூத்துச் சாகிறது. மிசோரமில் 1959-ஐ ஒட்டி ஒருமுறை, மறுபடி 2007-ஐ ஒட்டி. விதை மழையில் எலி பெருகி, எலி வயலுக்குள் இறங்கி, பஞ்சம். ஃபிலோஸ்டாகிஸ் பாம்புசாய்டிஸ் என்ற மூங்கில் சுமார் 120 ஆண்டு காத்திருக்கும். நீலக்குறிஞ்சிக்கு 12. வேடிக்கை என்னன்னா, ஒரே மூங்கிலைப் பிரித்து வேறு கண்டத்தில் நட்டாலும் தாய்ச்செடி பூக்கும் காலத்தை ஒட்டியே அதுவும் பூத்ததாகப் பதிவுகள் இருக்கு. கடிகாரம் மழையிலும் இல்லை, மண்ணிலும் இல்லை, செடிக்குள்ளேயே ஓடுது.

உங்களுக்கு ரெண்டு வழி. ஒன்று இந்த மாதிரி உள்கடிகாரம். இன்னொன்று சுமை: நடுத்தண்டில் அழுகல் நிரம்பி வழியும்போது பூக்கும். எதை எடுக்கிறீங்க என்பதைப் பொறுத்துக் கதையே மாறும். கடிகாரம்னா, நாளை எண்ணத் தெரிந்தவன் கையில் அதிகாரம். சுமைன்னா, அதிகமாகச் சேமிக்கிறவன் எல்லார் தலையிலும் இடியை இறக்குகிறான்.

#7 உலைக்களம்

எல்லோரும் உயிரியல் பேசுகிறீர்கள். நான் அடுப்பைப் பற்றிக் கேட்கிறேன்.

முதலில் ஒரு தெளிவு வேண்டும்: மரம் நிறுத்துவது காலத்தையா, அழுகலையா? காலத்தை நிறுத்தினால் நிழலில் தீ எரியாது, தண்ணீர் ஆவியாகாது, பழம்பொருளின் வயதைக் கணிக்க உதவும் கதிரியக்கக் கார்பன்-14 சிதையாது. அழுகலை மட்டும் நிறுத்தினால் கார்பன்-14 தன் பாட்டுக்கு 5,730 ஆண்டுக்குப் பாதியாகக் குறைந்துகொண்டே இருக்கும். பொருள் உண்மையிலேயே பழசாகும், பார்க்கத்தான் புதுசு. விதிகளைப் படித்தால் நீங்கள் சொல்வது இரண்டாவது. அதுதான் நல்லதும்.

இரண்டாவதாக, மக்குவதும் எரிவதும் வேதியியலில் ஒரே கணக்கு. கட்டை ஆக்சிஜனை எடுத்துக் கார்பன் டை ஆக்சைடாகவும் நீராகவும் மாறுகிறது. அடுப்பில் வேகமாக, காட்டில் மெல்ல. வெளிவரும் வெப்பம் கிட்டத்தட்ட ஒன்றே. ஒரு டன் உலர்ந்த கட்டைக்குச் சுமார் 16 ஜிகாஜூல் என்று வையுங்கள். நிழலில் 100 டன் சேர்ந்திருக்கிறது. அது மரத்துக்கு ஒன்றும் பெரிய அளவில்லை. அதை 12 மணி நேரத்தில் மக்கவைத்தால் சராசரியாக 37 மெகாவாட். அது பூ இல்லை, உலை. சாதாரண எருக்குவியலே 60, 70 டிகிரி செல்சியஸ் தொடும். ஈரத்தோடு அடுக்கிய வைக்கோல் தானே தீப்பற்றும்.

வெப்பத்தைக் கூட விடுங்கள். அந்த 100 டன்னிலிருந்து 180 டன்னுக்கு மேல் கார்பன் டை ஆக்சைடு வரும். அது காற்றைவிடக் கனம், பள்ளத்தில் தேங்கும். 1986-இல் கேமரூனின் நியோஸ் ஏரி ஒரே இரவில் உமிழ்ந்த வாயு 1,700-க்கும் மேற்பட்டவர்களைத் தூக்கத்திலேயே கொன்றது. ஏரி வெளியிட்ட அளவு இதைவிட மிக மிக அதிகம்தான், ஆனாலும் உங்கள் மரத்தடியில் தூங்கும் பூசாரி எழுந்திருக்கமாட்டார்.

ஒரே இரவு என்பதை ஒரு பருவமாக்குங்கள். 90 நாளில் பரப்பினால் அதே 100 டன் சுமார் 200 கிலோவாட். நிலம் புகையும், ஆவி எழும், யாரும் வேகமாட்டார்கள்.

#8 வேரடி

ஒரே இரவை விட்டுக்கொடுக்க மனமில்லை. கதையின் மூச்சே அதில்தான் இருக்கிறது.

இப்படி வைத்தால்? மெல்லியவை முதலில், தடித்தவை கடைசியில். பூத்த இரவு ஓலை, துணி, கயிறு, கூரைக் கீற்று, முடி, இறகு இவை போகும். எடை குறைவு, அதனால் வெப்பமும் குறைவு. உடல்களும் உத்தரங்களும் அடிமரங்களும் அடுத்த மழைக்காலம் முழுக்கப் புகைந்து மக்கும். பருத்திநூலும் செத்த தாவரச் செல்கள்தானே. பூத்த இரவில் நிழலில் நிற்கும் கூட்டத்தின் ஆடை என்ன ஆகும் என்று யோசியுங்கள்.

#9 அரைத்தூக்கம்

இப்போதுதான் இந்த இழை எனக்குப் புரிய ஆரம்பிக்கிறது.

#10 எழுத்தாணி

வேரடி போகிற போக்கில் ஓலை என்று எழுதிவிட்டுப் போய்விட்டார். எனக்கு அங்கேயே நிற்கவேண்டும் போலிருக்கிறது.

ஓலைச்சுவடியை நாம் இன்று படிக்கிறோம் என்றால் அது நீடித்ததால் மட்டும் இல்லை. ஈரமும் பூச்சியும் சேர்ந்தால் ஓலை சில நூற்றாண்டுக்குமேல் தாங்குவது அரிது. செல்லரிக்கத் தொடங்கியதும் யாரோ உட்கார்ந்து படியெடுத்தார்கள். அந்தப் படி அரிக்கும்போது இன்னொருவர். நம் கைக்கு வந்திருப்பது பெரும்பாலும் படியின் படியின் படி. அழுகல்தான் படியெடுக்க வைத்தது, படியெடுத்ததால்தான் பல ஊர்களில் பல பிரதிகள் இருந்தன.

கெடாநிழலின் கீழ் ஏடு வைத்திருக்கும் நாட்டில் யார் படியெடுப்பார்? எதற்கு எடுக்கவேண்டும்? மூல ஓலை, எழுதியவர் கைபட்ட அதே ஓலை, நேற்று வாரிய மாதிரி இருக்கிறது. சில தலைமுறையில் படியெடுக்கும் தொழிலே அற்றுப்போகும். ஓலை பதப்படுத்தத் தெரிந்தவர்கள் போவார்கள். பழைய எழுத்து வடிவங்களைப் படிக்கத் தெரிந்தவர்களும் போவார்கள், ஏனென்றால் படியெடுக்கும்போதுதான் எழுத்து புதிய வடிவத்துக்கு மாறிவரும். அப்புறம் ஒரு நாள் பூ.

பிணம் மக்குவதைவிட எனக்கு இதுதான் பயங்கரமாகத் தெரிகிறது. பக்கத்திலேயே நிழல் கிடைக்காத ஓர் ஏழை மலைக்குடி, வேறு வழியில்லாமல் படியெடுத்துக்கொண்டே வந்தவர்கள், அவர்களிடம் மட்டும் எல்லாம் இருக்கும். பிழைகளோடு இருக்கும்.

#11 கரையான்

எழுத்தாணி சொன்னதைத் தாவரத்தில் வைத்துப் பாருங்கள், இன்னும் மோசம்.

விதை செத்த பொருளில்லை. உறங்கும் உயிர். முதல் விதிப்படி உயிருள்ளதை மரம் காப்பதில்லை, ஆகவே நிழலில் வைத்த விதைநெல் வழக்கம்போல் மூத்துச் சாகும். செத்த நொடியிலிருந்து அழுகாது! பூஞ்சை பிடிக்காது, நிறம் மாறாது, வாசனை மாறாது. களஞ்சியம் நிறையப் பொன்மாதிரி நெல், ஒன்றுகூட முளைக்காது. சாப்பிடலாம், விதைக்க முடியாது. விதைத்துப் பார்க்கும்வரை யாருக்கும் தெரியாது.

விதை எவ்வளவு தாங்கும் என்றால், இனத்துக்கு இனம் வித்தியாசம். அமெரிக்காவின் மிச்சிகனில் 1879-இல் வில்லியம் பீல் என்பவர் 20 குப்பிகளில் களைவிதைகளை மணலோடு கலந்து புதைத்தார். 2021-இல் ஒரு குப்பியை எடுத்தார்கள். பெரும்பாலானவை செத்துவிட்டன, வெர்பாஸ்கம் என்ற களைச்செடி மட்டும் முளைத்தது. இஸ்ரேலின் மசாடா கோட்டையில் கிடைத்த சுமார் 2,000 ஆண்டுப் பேரீச்ச விதை 2005-இல் முளைத்தது. சீனத்தில் வற்றிப்போன ஓர் ஏரியில் எடுத்த தாமரை விதைக்கு வயது ஏறத்தாழ 1,300. இதெல்லாம் விதிவிலக்கு. தானியங்கள் சூடும் ஈரமும் உள்ள இடத்தில் சில ஆண்டுகளிலேயே முளைப்புத்திறனை இழக்கும்.

பழுப்பதும் இதே சிக்கல்தான். பழுப்பது அழுகலில்லை, பழமே தான் வெளியிடும் எத்திலீன் வாயுவைக்கொண்டு செய்துகொள்ளும் வேலை. பறித்த காயின் செல்கள் உயிரோடுதான் இருக்கும். அதனால் நிழலில் காய் பழுக்கும், கனியும், குழையும், அந்தக் கடைசிக் கட்டத்தில் அப்படியே நின்றுவிடும். கெடாநிழல் தோப்பு எப்போதும் அளவுக்கு மீறிப் பழுத்த வாசனையோடு இருக்கும். நொதித்தலும் நடக்காது, ஆகவே கள் கிடையாது.

#12 அரைத்தூக்கம்

கள் இல்லையா? மரத்தை வெட்டுங்கள்.

#13 உலைக்களம்

ஒரு மருத்துவக் கேள்வி. உயிருள்ள உடம்பில் செத்த திசு உண்டு. புண் புரையோடுவது அந்தச் செத்த சதை அழுகுவதால்தானே. நிழலில் படுத்திருக்கும் போர்வீரனின் புண்?

#14 வேரடி

புரையோடாது. அந்த நாட்டின் அறுவை வைத்தியம் முழுக்க மரத்தடியில்தான் வளர்ந்தது என்று வைக்கலாம். ஆனால் பூக்கும்வரை உடம்பில் ஒட்டிக்கொண்டிருக்கும் செத்த துணுக்குக்கு அந்த இரவு கணக்குத் தீர்க்கும். ஆறிய தழும்புக்குள் எலும்புச் சில்லு தங்கியவர்கள் பூவுக்குப் பயப்படுவார்கள்.

மரங்களுக்கும் இதேதான். முதிர்ந்த மரத்தின் வைரக்கட்டை உயிரற்றது. உயிர் பட்டையின் உட்புறத்து மெல்லிய அடுக்கிலும் அதை ஒட்டிய வெளிக்கட்டையிலும்தான். அதனால்தான் நடு முழுக்க உளுத்துப் பொந்தாகிப்போன மரமும் தழைத்து நிற்கிறது. கெடாநிழல் தன் நடுவில் அழுகலைச் சுமந்தும் சாகாமல் இருப்பதற்கு நான் தனியாக மந்திரம் தேடத் தேவையில்லை.

மூங்கிலரிசி கேட்டதற்கு: சுமையை எடுத்துக்கொள்கிறேன்.

#15 மூங்கிலரிசி

சுமைன்னா போர் வருமே! எதிரி நாட்டுத் தோப்பைக் கைப்பற்ற வேண்டாம், கோடரி வேண்டாம். இரவோடு இரவாகச் செத்த மாடுகளைக் கொண்டுபோய் அவன் நிழலில் கொட்டினால் போதும். அவன் மரம் நூறு ஆண்டு முன்னதாகப் பூக்கும். அவன் ஏடு, கயிறு, கூரை எல்லாம் போகும். பரிசு அனுப்புகிற சாக்கில்கூடச் செய்யலாம்: ஆயிரம் வண்டி தேக்கு உத்தரம், "உங்கள் புனித நிழலில் வைத்துக்கொள்ளுங்கள்".

தண்டைத் தட்டிப் பார்த்து உள்ளே எவ்வளவு நிரம்பியிருக்குன்னு ஓசையில் சொல்கிற ஆட்கள் வேணும். வயசான மரங்களில் பொந்து இருக்கான்னு சுத்தியலால் தட்டிக் கேட்பது நிஜத்திலும் உண்டு. அந்தத் தட்டுகாரனை விலைக்கு வாங்கினால் ஆட்சியை வாங்கின மாதிரி.

இன்னொன்று, தோப்பு தனித்தனி மரங்களா, ஒரே வேரா? அமெரிக்காவின் யூட்டாவில் பாண்டோ என்று ஓர் ஆஸ்பென் மரக்காடு இருக்கு. 43 ஹெக்டேரில் ஏறத்தாழ 47,000 தண்டு, எல்லாம் ஒரே வேர்த்தொகுதி, ஒரே உயிர். உங்க தோப்பும் அப்படின்னா ஒரு மூலையில் ஒருத்தன் கொட்டுகிற குப்பைக்கு மறு மூலையில் இருக்கிறவன் கணக்குக் கொடுக்கணும்.

#16 மட்டுறுத்துநர்

மரத்தடி ஆடை விவகாரம் குறித்து வந்த மூன்று பதிவுகளை நீக்கியிருக்கிறேன். யார் என்று அவர்களுக்கே தெரியும். தொடருங்கள்.

#17 கரையான்

ஒரே வேர் வேண்டாம் என்பேன், ஏனென்றால் மரம் ஏன் இதையெல்லாம் செய்கிறது என்ற கேள்விக்கு இப்போது விடை தெரிகிறது.

இத்தனை பதிவாக மனிதர்களுக்கு என்ன லாபம் என்றே பேசுகிறோம். மரத்துக்கு என்ன லாபம்? #5-இல் சொன்ன கொள்ளையை நினைத்துப் பாருங்கள். வாழ்நாள் முழுக்கச் சுற்றுவட்டாரத்துச் சத்தை இழுத்து, யாரும் தொடமுடியாதபடி தன் காலடியில் மக்காமல் வைத்திருக்கிறது. போட்டிச் செடி எதுவும் அதைத் தின்னமுடியாது. பூத்துச் சாகும்போது பூட்டு திறக்கிறது. அதன் விதைகள் விழுவது எங்கே? சூடும் ஈரமுமாக, பல நூற்றாண்டுச் சத்து ஒரே பருவத்தில் மண்ணாகிற அதே இடத்தில். மேலே கிளை பட்டுப்போனதால் வெயிலும் இறங்கும். சுற்றிலும் தரிசு, வேறு விதை வராது. உலைக்களம் சொன்ன சூடுகூடப் பயன்படும். சில பைன் மரங்களின் காய்கள் தீ பட்டால்தான் திறக்கும். இதன் விதையுறை புகையும் மண்ணில்தான் வெடிக்கட்டும்.

மனிதர்கள் பிணத்தையும் ஏட்டையும் கொண்டுவந்து வைப்பது மரத்துக்கு எதிர்பாராத உரம். அவர்கள் கோயில் கட்டியிருப்பது ஒரு நாற்றங்காலில்.

#18 எழுத்தாணி

அப்படியானால் அந்த நாட்டு மரபுப் பாட்டில் மரம் தாய். மக்கள் தங்களைப் பிள்ளை என்று நினைத்துப் பாடுவார்கள். பிள்ளை வேறு.

ஒரு பெரிய ஓட்டை இன்னும் அடைபடவில்லை, வேரடி. தட்டுகாரன் "அடுத்த மாதம் பூக்கும்" என்கிறான். எல்லோரும் ஏட்டையும் பாட்டியின் சேலையையும் எடுத்துக்கொண்டு நிழலை விட்டு வெளியே போய்விடுகிறார்கள். பூக்கிறது. ஒன்றும் ஆகவில்லை. கதை முடிந்தது.

#19 வேரடி

இதற்காக நிறைய யோசித்தேன். மூன்று வாய்ப்பு.

நிழலை விட்டு எடுத்த கணமே தள்ளிப்போட்ட அழுகலின் பாக்கி தீர்க்கப்படும் என்றால், எதையும் வெளியே கொண்டுபோக முடியாது. ஏட்டை அங்கேயே உட்கார்ந்துதான் படிக்கவேண்டும். மரத்தடி ஒரு சிறை. மோசமில்லை, ஆனால் வணிகமே இல்லாத உலகமாகிவிடும்.

பாக்கி மரத்தோடு நின்றுவிடும் என்றால் எழுத்தாணி சொன்ன ஓட்டை.

மூன்றாவதைத்தான் எடுக்கப்போகிறேன்: பாக்கி பொருளோடு போகும், ஆனால் பூக்கும் நாள்வரை உறங்கும். நிழலில் ஐம்பது ஆண்டு கிடந்த கயிறு இன்று சந்தைக்கு வருகிறது, பார்க்கப் புதுக்கயிறு. ஒரு மாலுமி வாங்கிப் பாய்மரத்தில் கட்டுகிறான். ஆறு மாதம் கழித்து நடுக்கடலில், அவன் பார்த்தேயிராத ஒரு மரம் பூத்த இரவில், கயிறு ஐம்பது ஆண்டுப் பழசாகிவிடுகிறது.

#20 உலைக்களம்

இதை ஏற்கிறேன், ஒரு நிபந்தனையோடு. மக்கும் வேகம் அந்தந்த இடத்துச் சூட்டையும் ஈரத்தையும் பொறுத்தே இருக்கட்டும். உறைபனி நிலத்தில் 32,000 ஆண்டு கிடந்த சிலீன் செடியின் காய்த்திசுவிலிருந்தே 2012-இல் புதுச்செடி வளர்த்தார்கள். பனிமலைக்கு எடுத்துப்போன ஏட்டுக்கு ஐம்பது ஆண்டு பாக்கி என்றால் பனிமலையின் ஐம்பது ஆண்டு. கிட்டத்தட்ட ஒன்றுமில்லை. பணக்காரர்கள் அங்கே கிடங்கு கட்டுவார்கள்.

#21 மூங்கிலரிசி

மலைக்குடிக்கு வாடகை வரும்! எழுத்தாணியோட ஏழை மலைக்குடிதான் இனி பேங்க்.

அப்போ கயிறு விற்கிறவன் நிழலில் கிடந்ததா இல்லையான்னு மறைப்பான். எந்த மரம், எத்தனை வருஷம்னு முத்திரை போடச் சட்டம் வரும், கள்ள முத்திரையும் வரும். கப்பல்காரர்கள் நிழல்படாத கயிறுக்கு இருமடங்கு கொடுப்பார்கள்.

#22 எழுத்தாணி

நிழலில் இருந்த ஏட்டை வெளியே கொண்டுவந்து புது ஓலையில் படியெடுத்தால், படிக்குப் பாக்கி உண்டா?

#23 வேரடி

கிடையாது. ஓலை புதுசு, அதற்கு நிழலே தெரியாது. தட்டுகாரன் நாள் குறித்த பிறகு அந்த நாட்டில் எஞ்சியிருக்கும் ஒரே படியெடுப்பவளை முதல் அத்தியாயத்தில் வைக்கிறேன். பழைய எழுத்து பாதி மட்டும் படிக்கத் தெரிந்தவள். எதை முதலில் எடுப்பது என்று அவளிடம் வரிசையில் வந்து நிற்பவர்கள் யார் யார் என்பதற்குத் தனி இழை தொடங்குகிறேன், அங்கே வாருங்கள்.